துப்பாக்கியும் துவக்கும்

‘துப்பாக்கி’ தூய தமிழ்ச் சொல்தான், வள்ளுவரே ஆண்டிருக்கிறார் என்று மேடைக்கு மேடை முழங்குகிறார்கள். 12ஆம் குறளில் வருவது துப்பு ஆக்கி. அங்கே துப்பு உணவு, ஆக்கி வினையெச்சம், பொருள் மழை. பரிமேலழகர் உரையைப் புரட்டிப் பார்க்கவும் பொழுதில்லாதவர்களோடு வாதிட எனக்கும் பொழுதில்லை. துப்பு என்றால் வலிமை, வலிமையை ஆக்குவது துப்பாக்கி என்பவர் இன்னொரு சாரார். துப்புக்கு வலிமை மட்டுமா பொருள்? பவளமும்தான். பவளம் செய்யும் கருவி என்று ஏன் ஒருவரும் சொல்லவில்லை?

குண்டைத் துப்புவதால் துப்பாக்கி என்பது மூன்றாம் கட்சி. இவர்கள் இருட்டில் எறிந்த கல் மட்டும் எதையோ தொட்டிருக்கிறது. பாரசீகத்தில் ‘துஃப்’ என்றால் எச்சில். ‘துஃபக்’ ஊதுகுழல், பிறகு துப்பாக்கி. துருக்கியர் ‘தூஃபெக்’ என்பார்கள். வெடிமருந்து வருமுன்பே, 11ஆம் நூற்றாண்டில், காஷ்கரி தம் துருக்கி அகராதியில் ‘தூவெக்’ என்ற சொல்லைக் குறித்துவைத்தார். அது குருவி அடிக்கும் ஊதுகுழல். நம் ஊர்களில் நாட்டுத் துப்பாக்கியைத் தோளில் மாட்டித் திரிந்த நரிக்குறவரைக் குருவிக்காரர் என்று அழைத்ததை இதோடு முடிச்சுப் போட ஆசையாக இருக்கிறது. ஆசை சான்றாகாது, விட்டுவிடுகிறேன்.

தமிழுக்கு இது தரைவழியே வந்த சொல். தெலுங்கில் ‘துபாகி’, கன்னடத்திலும் அதுவே. 1520இல் ராய்ச்சூரில் கிருஷ்ணதேவராயருக்காகப் போர்த்துக்கீசத் துப்பாக்கி வீரர் சுட்டார்கள். 1526இல் பானிபட்டில் பாபர் படை ‘துஃபங்’ ஏந்திற்று. நாயக்கர் படையோடு தெலுங்குச் சொல் தெற்கே இறங்கியது. ஈற்றிலுள்ள இகரம் அந்த வழியைக் காட்டிக்கொடுக்கிறது. நாம் செய்ததெல்லாம் பகரத்தையும் ககரத்தையும் இரட்டித்ததுதான்.

இலங்கைத் தமிழர் சொல்லும் ‘துவக்கு’ அப்படியன்று. சண்டையைத் துவக்குவதால் துவக்கு என்று ஒருவர் எழுதியிருக்கிறார். சிரித்துவிட்டு மேலே போகலாம். சிங்களத்தில் ‘துவக்குவ’, மலையாளத்தில் ‘தோக்கு’, குடகில் ‘தோக்’. இடையிலுள்ள பகரம் வகரமாகி, அதுவும் கரைந்து முன்னுயிர் நீண்டால் துவக்கு தோக்காகும். இந்த வரிசையில் எங்கும் ஈற்றில் இகரம் இல்லை.

குடகைத் தொட்ட பிறகு சும்மா கடக்க முடியாது. 1878ஆம் ஆண்டு ஆயுதச் சட்டத்தால் மற்ற இந்தியன் உரிமம் இல்லாமல் துப்பாக்கி தொட முடியாதிருந்தது. காட்டுப்பன்றியை விரட்டப் பயிர்க்காவலுக்கு ஒன்று வேண்டுமென்றாலும் குடியானவன் அதிகாரிக்கு மனுப் போட வேண்டியிருந்தது. குடகருக்கு 1861இலேயே ஆங்கிலேய ஆணையர் மார்க் கப்பன் விலக்கு அளித்துவிட்டார். அதனால் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சாதாரணக் குடகன் வீட்டிலும் தோக் இருந்தது. ஆண் குழந்தை பிறந்தால் வானை நோக்கி ஒரு வெடி. கைல்பொல்து நாளில் ஆயுதங்களை வைத்து வழிபட்டுக் குழல்வாயில் செங்காந்தளைச் செருகுவார்கள். அந்தப் பூவுக்கே அங்கே ‘தோக் பூ’ என்று பெயர். குறிஞ்சித் திணையின் பூவுக்குத் துருக்கிக் குழல் பெயர் கொடுத்துவிட்டது! கன்னடர் ‘கோவி’ என்றும் சொல்வார்கள்; அது குழாயைக் குறிக்கும் திராவிடச் சொல். நம் ‘இரட்டைக்குழல்’ அதற்கு உறவு முறை. வடக்கின் ‘பந்தூக்’ அரபியில் ஒரு கொட்டையின் பெயர், தமிழில் வேர்விடவில்லை.

ஏழையின் கருவிக்குத்தான் நல்ல தமிழ்ப் பெயர்கள் அமைந்தன. இலங்கையின் வன்னியில் குழல்வாய் வழியாக மருந்தும் ரவையும் போட்டு இடித்துச் சுடுவது ‘இடியன் துவக்கு’. இடிபோல் முழங்குவதால் வந்த பெயர் என்பார் உண்டு; கெட்டித்துப் பார்த்தவர் அப்படிச் சொல்லமாட்டார். விலங்கு வரும் தடத்தில் கட்டி வைப்பது ‘கட்டுத்துவக்கு’. மருந்து, ரவை, குண்டு எல்லாமே அடுக்களையிலும் வைத்தியர் வீட்டிலும் புழங்கிய சொற்கள்.

துவக்கு போர்த்துக்கீசர் தந்தது என்பது கடைசி வாதம். சாவியும் அலமாரியும் சன்னலும் அவர்கள் தந்தவை, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அவர்கள் மொழியில் துப்பாக்கி ‘எஸ்பிங்கார்தா’. அதில் எந்த எழுத்தைத் தட்டித் துவக்கை எடுப்பது? மலபார்க் கரையில் அராபியரோடும் துருக்கியரோடும் பழகியவர்கள் மரக்காயர்கள். 1538இல் வேதாளையில் போர்த்துக்கீசரிடம் தோற்ற அவர்களுடைய கப்பற்படை, இலங்கையின் சீதாவாக்கை மன்னன் மாயாதுன்னைக்குத் துணையாகப் புறப்பட்டதுதான். கல்வெட்டு எங்கே, செப்பேடு எங்கே என்று கேட்பார்கள். கேட்கட்டும். துப்பாக்கி நாயக்கர் குதிரையோடு வந்தது, துவக்கு மரக்காயர் தோணியில் போனது. இதுவே என் துணிபு.