தாய்மொழியும் வழிபாடும்: அமெரிக்க மத்திய மேற்கில் டேனியக் குடியேறிகளின் மொழி வரலாறு

1. முன்னுரை

டேனியர் என்றவுடன் தமிழ் அறிஞர்க்கு நினைவுக்கு வருவது தரங்கம்பாடி. 1620-இல் தஞ்சை இரகுநாத நாயக்கரின் இசைவோடு அமைந்து, 1845-இல் ஆங்கிலேயருக்கு விற்கப்பட்ட அக்குடியிருப்பு ஒரு வணிகத் தளம். குடும்பம் குடும்பமாக நிலம் உழுது வாழச் சென்றவர்களின் ஊர் அன்று. டேனிய அரசரின் ஆதரவில் 1706-இல் அங்கு வந்த சீகன்பால்கு தமிழைக் கற்றுப் புதிய ஏற்பாட்டைத் தமிழில் பெயர்த்தார். அங்கே சமயம் கேட்போரின் மொழிக்குள் புகுந்தது.

தரங்கம்பாடி கைமாறிய சில பத்தாண்டுகளில் அமெரிக்க ஐக்கிய நாடுகளுக்குப் பெருந்திரளாகச் சென்ற டேனியர் எதிர்கொண்ட சிக்கல் இதற்கு மறுதலையானது. தம் சமயத்தைத் தம் மொழியிலேயே காப்பதா, அல்லது புதிய நாட்டின் மொழிக்கு அதனை மாற்றிக்கொள்வதா என்பதே அச்சிக்கல். அது எவ்வாறு எழுந்தது, எவ்வாறு தீர்ந்தது, அதில் மொழிபெயர்ப்புக்குக் கிடைத்த இடம் யாது என்பனவற்றை இக்கட்டுரை ஆராய்கிறது.

2. குடியேற்றத்தின் பின்னணி

ஸ்காண்டிநேவியரின் அமெரிக்கக் குடிபெயர்வு, 1825-இல் நார்வேயின் ஸ்டாவாங்கர் துறையிலிருந்து ஐம்பத்திரண்டு பேருடன் புறப்பட்ட ஒரு சிறு கப்பலோடு தொடங்கியதாகக் கொள்வது மரபு. அடுத்த நூறாண்டுகளில் சுவீடனிலிருந்து 12 இலட்சத்துக்கு மேற்பட்டோரும், நார்வேயிலிருந்து ஏறத்தாழ 8 இலட்சம் பேரும், டென்மார்க்கிலிருந்து சுமார் 3 இலட்சம் பேரும் சென்றனர். இம்மூவருள் எண்ணிக்கையில் குறைந்தவர் டேனியர். பரவலாகச் சிதறி வாழ்ந்தவரும் பிற இனத்தாரோடு விரைவில் கலந்தவரும் அவரே.

குடிபெயர்வுக்குக் காரணங்கள் பல. 160 ஏக்கர் அரசு நிலத்தை ஐந்தாண்டுகள் தங்கிப் பயிரிடுவோர்க்கு உரிமையாக்கிய 1862-ஆம் ஆண்டுச் சட்டம் நிலமற்ற உழவர்களை ஈர்த்தது. 1864-ஆம் ஆண்டுப் போரில் டென்மார்க் சிலேஸ்விக் பகுதியை இழந்தது. பிரஷ்ய ஆட்சிக்குட்பட்ட வடக்கு சிலேஸ்விக் டேனியர் கட்டாயப் படைப்பணிக்கு அஞ்சியும் வெளியேறினர். அங்கு 1888-இல் சமயப் பாடம் நீங்கலாகப் பள்ளிகளில் ஜெர்மன் மொழியே பயிற்றுமொழியாக்கப்பட்டது. இவையன்றிச் சமயமும் ஒரு காரணமாயிற்று. மோர்மன் நூல் ஆங்கிலமல்லாத மொழியொன்றில் முதன்முதலாக வெளிவந்தது டேனிய மொழியிலேயே. 1851-இல் கோபன்ஹேகனில் அது அச்சாயிற்று. அதனை ஏற்றுக்கொண்ட ஆயிரக்கணக்கான டேனியர் யூட்டா பகுதிக்குச் சென்றனர். ஆயினும் மொழிப் பற்றிய விவாதம் கூர்மையுற்றது, லுத்தரன் சபையைச் சார்ந்த டேனியர் குடியேறிய அயோவா, நெப்ராஸ்கா, மினசோட்டா, விஸ்கான்சின் மாநிலங்களிலேயாம்.

3. சபைப் பிளவு

விவாதத்தின் வேர் டென்மார்க்கில் உள்ளது. கவிஞரும் இறையியலாளருமான கிரண்ட்விக் (1783-1872), ஏட்டில் உள்ள எழுத்தைவிட வாயிலிருந்து வரும் உயிருள்ள சொல்லே மனிதனை எழுப்பவல்லது என்றும், அச்சொல் தாய்மொழியில்தான் பிறக்கும் என்றும் கருதினார். தேர்வுகளற்ற, பாட்டும் உரையாடலும் நிறைந்த மக்கள் உயர்பள்ளிகள் அவர் சிந்தனையின் விளைவு. இதற்கு மாறாக, 'உள்நாட்டுத் திருப்பணி' எனப்பட்ட இயக்கத்தார் தனிமனிதனின் மனமாற்றத்தையும் வேதநூலின் அதிகாரத்தையும் முதன்மையாகக் கொண்டனர். அவர்களுக்கு மொழி ஒரு கருவி. கிரண்ட்விக் வழியினர்க்கோ அது நம்பிக்கையின் உடல்.

அமெரிக்காவில் முதல் டேனிய மக்கள் உயர்பள்ளி 1878-இல் அயோவாவின் எல்க் ஹார்ன் ஊரில் தொடங்கியது. கிரண்ட்விக்கின் மகன் பிரெடெரிக் லாங்கே கிரண்ட்விக் அயோவாவின் கிளின்டன் நகரில் போதகராயிருந்தபோது, டேனியப் பண்பாட்டைக் காக்கும் பொருட்டு 1887-இல் டேனிய மக்கள் சங்கத்தை நிறுவினார். சிதறி வாழ்ந்தால் மொழி நில்லாது என்பதை உணர்ந்த இச்சங்கம் டேனியர் ஒருங்கே வாழும் குடியிருப்புகளை ஊக்குவித்தது. டெக்சாசின் டேனவாங் (1894), மினசோட்டாவின் அஸ்கோவ் (1906) ஆகியன அவ்வாறு எழுந்தவை.

சமயச் சார்பற்றவரையும் சேர்த்துக்கொண்ட இச்சங்கத்தை மறுதரப்பார் ஏற்கவில்லை. வேதநூல் பற்றிய கருத்து வேறுபாடும் உடன்சேர, 1894-இல் டேனிய லுத்தரன் சபை பிளவுபட்டது. பிரிந்து சென்றோர் 1896-இல் நெப்ராஸ்காவின் பிளேர் ஊரை மையமாகக் கொண்ட மற்றொரு குழுவோடு இணைந்து ஐக்கிய சபையாயினர். அதே ஆண்டில் கிரண்ட்விக் வழியினர் டெ மாயின் நகரில் கிராண்ட் வியூ கல்லூரியைத் திறந்தனர். ஆடலும் பாடலும் விலக்காத ஒரு சாரார் 'மகிழ்ச்சி டேனியர்' என்றும், மறுசாரார் 'புனித டேனியர்' என்றும் பேச்சுவழக்கில் குறிக்கப்பட்டனர்.

எனினும் ஐக்கிய சபையார் டேனிய மொழியைக் கைவிட்டனர் என்று கொள்வது பிழையாகும். அவர்களும் பல ஆண்டுகள் டேனிய மொழியிலேயே வழிபட்டனர். அச்சபையின் அறிஞர் பி. எஸ். விக் அமெரிக்க டேனியர் வரலாற்றை எழுதியதும் டேனிய மொழியிலேயாம். வேறுபாடு மொழியின் பயன்பாட்டில் அன்று, மொழிக்குத் தரப்பட்ட பொருளில் இருந்தது.

4. அன்றாட வழக்கில் மொழி

சபையில் மொழியின் தூய்மை பேசப்பட்ட காலத்திலேயே வயலிலும் கடையிலும் அது மாறிக்கொண்டிருந்தது. புதிய நிலம் புதிய பொருள்களைத் தந்தது; அவற்றுக்குரிய ஆங்கிலச் சொற்களும் உடன்வந்தன. 'பார்ன்' என்பது டேனிய, நார்வேஜிய மொழிகளில் குழந்தையைக் குறிக்கும். அதே எழுத்துகளாலான ஆங்கிலச் சொல் தானியமும் கால்நடையும் வைக்கும் கொட்டகையைக் குறிக்கும். 'கோர்ன்' என்பது ஸ்காண்டிநேவிய மொழிகளில் பொதுவாகத் தானியம். அமெரிக்க நார்வேஜியர் பேச்சில் ஆங்கிலத்தின் செல்வாக்கால் அது மக்காச்சோளத்தைக் குறிக்கலாயிற்று.

இத்தகைய மாற்றங்களை முறைப்படுத்தி ஆராய்ந்தவர் எய்னார் ஹௌகன். அயோவாவில் நார்வேஜியப் பெற்றோர்க்குப் பிறந்த அவர், 1950-இல் வெளியிட்ட கட்டுரையில் கடன்சொல், கடன்கலப்பு, கடன்பெயர்ச்சி என்னும் பாகுபாட்டை வகுத்தார். அமெரிக்காவில் நார்வேஜிய மொழி பற்றிய அவரது இரு தொகுதி நூல் 1953-இல் வெளிவந்தது. இன்று மொழித்தொடர்பு ஆய்வில் உலகெங்கும் வழங்கும் கலைச்சொற்கள் பலவற்றின் பின்னணியில் இவ்வுழவர்களின் பேச்சு உள்ளது என்பது கருதத்தக்கது.

5. அரசாணையும் நீதிமன்றமும்

முதல் உலகப்போரில் அமெரிக்கா இறங்கியபின் ஜெர்மன் மொழிமீது எழுந்த வெறுப்பு பிற அயல்மொழிகள்மீதும் படர்ந்தது. 1918 மே 23-இல் அயோவா ஆளுநர் வில்லியம் ஹார்டிங் ஓர் ஆணை பிறப்பித்தார். பள்ளிகளிலும், பொதுவிடங்களிலும், இரயில்களிலும், தொலைபேசியிலும், மேடைகளிலும் ஆங்கிலமே பேசப்பட வேண்டும் என்பது அவ்வாணை. ஆங்கிலம் அறியாதார் தம் வழிபாட்டை வீட்டில் நடத்திக்கொள்ளலாம் என்றும் அது கூறிற்று. பாபேல் ஆணை என வரலாற்றில் வழங்கும் இது ஜெர்மானியரை நோக்கியதாயினும் டேனியரையும் பிற ஸ்காண்டிநேவியரையும் ஒருங்கே தாக்கியது. சிலேஸ்விக்கில் தம் மொழி ஒதுக்கப்படுவதைக் கண்டு வெளியேறியோர்க்கு இது இரண்டாம் முறை நேர்ந்த இழப்பு.

1918 டிசம்பரில் ஆணை விலக்கப்பட்டது. ஆயினும் தொடக்கக் கல்வியில் அயல்மொழிகளைத் தடுக்கும் சட்டங்கள் 1919-இல் அயோவாவிலும் நெப்ராஸ்காவிலும் இயற்றப்பட்டன. 1923 ஜூன் 4-இல் அமெரிக்க உச்சநீதிமன்றம் இவற்றைச் செல்லாதன என அறிவித்தது. உரிமை மீண்டது, வழக்கம் மீளவில்லை. பிள்ளைகள் ஏற்கெனவே ஆங்கிலப் பொதுப்பள்ளிகளில் பயின்றுவந்தனர்; கோடை விடுமுறையில் நடந்த டேனியப் பள்ளிகள் அவ்வேகத்துக்கு ஈடுகொடுக்க இயலவில்லை. அரசாணை மொழிமாற்றத்தைத் தோற்றுவிக்கவில்லை; தொடங்கிவிட்ட மாற்றத்தை விரைவுபடுத்திற்று எனலாம்.

6. பாடல்கள் பெயர்ந்த வரலாறு

பிளவுபட்ட இரு சபைகளையும் மீண்டும் ஒரு பணியில் இணைத்தது மொழிபெயர்ப்பே. 1927-இல் இரு சபைகளும் சேர்ந்து ஆங்கிலத்தில் ஒரு பாமாலைத் தொகுப்பை வெளியிட்டன. டேனியப் பாமாலைகள் பல அதில் ஆங்கில வடிவம் பெற்றன. மொழிபெயர்ப்பாளருள் குறிப்பிடத்தக்கவர் ஜே. சி. ஓபெர், எஸ். டி. ரோட்ஹோம் ஆகியோர். இருவரும் டென்மார்க்கில் பிறந்து அமெரிக்காவில் போதகராகப் பணியாற்றியவர்கள். 1941-இல் டேனிய அமெரிக்க இளைஞர்க்காக வெளிவந்த ஆங்கிலப் பாடல் தொகுப்பில் ரோட்ஹோமின் பங்கு பெரிது.

இப்பணியின் இடர்ப்பாடுகள் மொழிபெயர்ப்பாளர் நன்கறிந்தவை. மெட்டு மாறாதது, எனவே அசைகளின் எண்ணிக்கையும் அழுத்தமும் மாறலாகா. டேனிய மொழியில் அழுத்தமற்ற உயிரில் முடியும் சொற்கள் மிகுதி. ஈரசை இயைபு அதில் எளிதாக அமையும். ஆங்கிலத்தில் அத்தகைய ஈறுகள் பெரிதும் தேய்ந்துவிட்டன. ஆதலின் இயைபைக் காத்தால் பொருளும், பொருளைக் காத்தால் இயைபும் நழுவின. இதனினும் கடியது கருத்துச் சொற்களின் நிலை. கிரண்ட்விக் சிந்தனையின் மையமான 'ஃபோல்கெலி' என்னும் சொல் மக்களுக்குரியது, நாட்டு மரபுக்குரியது, எளியோர்க்கும் பொதுவானது என்னும் பொருள்களை ஒருங்கே தாங்குவது. ஆங்கிலத்தில் ஒற்றைச் சொல்லால் அதனைப் பெயர்க்க இயலாமையின், பலர் அதனை அவ்வாறே எடுத்தாண்டனர்.

தாய்மொழியன்றி நம்பிக்கை வாழாது என்ற மரபில் வந்தவர்களே அந்நம்பிக்கையை வேற்றுமொழியில் வாழவைக்க முனைந்தனர் என்பது முரண்போலத் தோன்றும். உண்மையில் அம்மரபே அவர்களைத் தூண்டிற்று. பிள்ளைகளின் உயிருள்ள மொழி ஆங்கிலமான பின், புரியாத மொழியில் பாடுவது கிரண்ட்விக்கின் கொள்கைக்கே மாறாகும். கொள்கையைக் காக்க மொழியை விடவேண்டிய நிலை அது.

7. முடிவுரை

1940-களின் நடுவில் ஐக்கிய சபையும், 1950-களின் முற்பகுதியில் மற்றைச் சபையும் தம் பெயரிலிருந்து 'டேனிய' என்னும் அடையை நீக்கின. மொழி பின்வாங்கிய காலத்தில் அடையாளங்கள் முன்வந்தன. 1911-இல் கலிபோர்னியாவில் டேனியர் நிறுவிய சோல்வாங் நகரம் இன்றைய டேனியத் தோற்றத்தைப் பெரும்பாலும் இரண்டாம் உலகப்போருக்குப் பின்னரே பெற்றது. 1848-இல் டென்மார்க்கில் கட்டப்பட்ட காற்றாலை ஒன்று 1976-இல் பெயர்த்தெடுக்கப்பட்டு எல்க் ஹார்னில் மீண்டும் நிறுவப்பட்டது.

காற்றாலையை எக்காலத்தும் பெயர்த்து நிறுத்தலாம். பாடலை அவ்வாறு பெயர்த்தல் அரிது. இரு மொழிகளும் ஒரே மனிதரின் நாவிலும் நெஞ்சிலும் உயிரோடிருக்கும் காலம் குறுகியது. டேனியக் குடியேறிகளின் வரலாற்றில் அக்காலம் ஏறத்தாழ ஒரு தலைமுறையே நீடித்தது. அதற்குள் பெயர்க்கப்பட்டவை பேரர்களின் வழிபாட்டில் தொடர்ந்தன. பெயர்க்கப்படாதவை பழைய ஏடுகளில் தங்கின. மொழிபெயர்ப்பு மொழிக்கு மாற்றாகாது என்பது உண்மை. ஆயினும் மொழிமாற்றத்தின் விளிம்பில் நிற்கும் சமூகத்துக்கு அதனைச் செய்யவல்லார் இருக்கும்போதே செய்துகொள்ள வேண்டிய பணி அது என்பதை இவ்வரலாறு தெளிவாகக் காட்டுகிறது.