துண்டும் தேசக் கடனும்

இன்று 'துண்டு' என்றால் தோளில் போடும் துணியோ கையில் கிடைக்கும் சீட்டோதான் நினைவுக்கு வரும். நூறாண்டுகளுக்கு முன்பு நுவரெலியா, ஹட்டன், டிக்கோயாத் தோட்டங்களில் அச்சொல்லுக்கு வேறொரு பொருளும் இருந்தது. தொழிலாளியின் தலையில் இருந்த கடனை எழுதித் தோட்டத்துரை கையொப்பமிட்ட சீட்டுக்கும் துண்டு என்றே பெயர்.

தமிழகத்தின் கிராமங்களில் ஆள் திரட்டப் புறப்படும் கங்காணிக்குத் தோட்டம் முன்பணம் கொடுக்கும். வழிச்செலவு, சாப்பாடு, ஊரில் அடைக்க வேண்டிய பழைய பாக்கி எல்லாம் அந்த முன்பணத்தில் நடக்கும். தோட்டத்திற்கு வந்து சேர்ந்த முதல் நாளே அது தொழிலாளியின் பெயரில் கடனாக ஏறிவிடும். வேறு தோட்டத்திற்குப் போக விரும்பினால், இத்தனை ரூபாயைக் கட்டுபவருக்கு இந்த ஆட்களை விடுவிக்கச் சம்மதம் என்று துரை துண்டு எழுதிக் கொடுப்பார். புதிய தோட்டம் பணத்தைக் கட்டி ஆட்களை எடுத்துக்கொள்ளும். கடன் தீர்ந்தது என்று நினைத்தால் அது தவறு. பழைய தோட்டத்துக் கடன் புதிய தோட்டத்துக் கடனாக மாறியது, அவ்வளவுதான். ஒவ்வொரு மாற்றத்திலும் தொகை கூடுவதே வழக்கம். கூடிய பணம் தன் கைக்கு வந்ததா, கங்காணியின் பைக்குப் போனதா என்பதைக்கூடத் தொழிலாளி அறிந்திருக்கமாட்டார். 1921ஆம் ஆண்டுச் சட்டம் துண்டு முறையை ஒழித்தது.

அரசாங்கங்கள் கடன் வாங்கும் முறையைப் பல ஆண்டுகள் செய்தியாக எழுதி வந்தவன் என்ற வகையில், இந்தத் துண்டு எனக்கு அடிக்கடி நினைவுக்கு வருவதுண்டு. பழைய கடனை அடைக்கப் புதிய கடன். புதிய கடனுக்குப் புதிய நிபந்தனை. தொகை ஏறுவதற்குக் காரணமானவர் ஒருவர், சுமப்பவர் வேறொருவர்.

இலங்கை 1950இல் சர்வதேச நாணய நிதியத்திலும் உலக வங்கியிலும் அங்கத்துவம் பெற்றது. அந்நாளில் நாட்டின் ஏற்றுமதி வருமானத்தில் ஏறத்தாழப் பாதி தேயிலையிலிருந்து வந்தது. அதாவது, வெளிநாட்டுக் கடனைத் திருப்பிக் கட்டும் ஆற்றல் என்று வங்கியாளர்கள் கணக்கிட்டதன் பெரும்பகுதி மலையகத் தொழிலாளியின் கொழுந்துக் கூடையில் இருந்தது. ஆனால் 1948, 1949ஆம் ஆண்டுகளின் குடியுரிமைச் சட்டங்களால் அதே தொழிலாளரில் பெரும்பாலோர் நாடற்றவராகியிருந்தனர். கடனுக்கு ஆதாரமானவர்களுக்கு அக்கடனைத் தீர்மானிக்கும் அரசைத் தெரிவு செய்ய வாக்கு இல்லை.

1951இல் உலக வங்கியின் ஆய்வுக் குழு இலங்கைக்கு வந்தது. அதன் அறிக்கை 1952இல் வெளியாயிற்று. உணவு மானியம் அரசின் நிதியை அரிக்கிறது என்ற கருத்து அப்போது வலுப்பெற்றிருந்தது. 1953 ஜூலையில், ஜே. ஆர். ஜயவர்தன நிதியமைச்சராக இருந்தபோது, ஒரு கொத்துப் பங்கீட்டு அரிசியின் விலை 25 சதத்திலிருந்து 70 சதமாக உயர்ந்தது. ஆகஸ்ட் 12ஆம் திகதி நாடு தழுவிய ஹர்த்தால் வெடித்தது. அக்டோபரில் பிரதமர் டட்லி சேனநாயக்க பதவி விலகினார். நிபந்தனையும் அரிசியும் மோதினால் ஆட்சி அசையும் என்ற பாடத்தை அதற்குப் பின் வந்த எந்த நிதியமைச்சரும் மறந்ததில்லை.

மறு ஆண்டு, 1954இல், இலங்கைக்கு உலக வங்கியின் முதல் கடன் கிடைத்தது. ஏறத்தாழ 1 கோடியே 91 இலட்சம் டொலர். மஸ்கெலியாவுக்கும் நோர்ட்டன் பிரிட்ஜுக்கும் அருகிலுள்ள லக்சபான நீர்மின் திட்டத்திற்கே அப்பணம் வந்தது. மலையகத்து ஆறுகள் கொழும்புக்கு வெளிச்சம் கொடுத்தன. அந்த ஆறுகளுக்கு மேலே இருந்த லயன் அறைகளில் பல, அதற்குப் பிறகும் பல பத்தாண்டுகள் குப்பி விளக்கில்தான் இருந்தன.

1965இல் நாணய நிதியத்துடன் முதலாவது கடன் ஏற்பாடு. 1967 நவம்பரில் ரூபாயின் மதிப்பு 20 சதவீதம் குறைக்கப்பட்டது. நாணய மதிப்பிறக்கம் தோட்டத்தில் எப்படி வேலை செய்கிறது என்பதைச் சற்று விளக்க வேண்டும். தேயிலையின் விலையை வெளிநாட்டுச் சந்தை தீர்மானிக்கிறது. ரூபாய் விழுந்தால் தேயிலைக்குக் கூடுதல் ரூபாய் கிடைக்கும். நாட்சம்பளமோ ரூபாயில் கட்டப்பட்டது. அது தானாக ஏறாது. இறக்குமதியாகும் கோதுமை மாவும் பருப்பும் மண்ணெண்ணெயும் மட்டும் உடனே ஏறும். இந்த இடைவெளியில்தான் மலையகக் குடும்பத்தின் அடுப்பு இருக்கிறது.

எல்லாப் பழியையும் நிதியத்தின் மீது போடுவது நியாயமாகாது. 1973-74இல் தோட்டங்களைத் தாக்கிய பஞ்சத்துக்கு, அந்நியச் செலாவணி வற்றியதும் உலகச் சந்தையில் உணவு, எரிபொருள் விலைகள் ஏறியதும் உள்நாட்டு ஆட்சியின் பாராமுகமும் காரணங்கள். அதே காலத்தில், 1972, 1975ஆம் ஆண்டுகளின் காணிச் சீர்திருத்தச் சட்டங்களால் தோட்டங்கள் அரசுடைமையாயின. பின்னர் நட்டம் பெருகியது. அரச நிறுவனங்களின் சுமையைக் குறைக்குமாறு கடன் கொடுத்தோர் வற்புறுத்திய காலத்தில், 1992இல், நிர்வாகம் மீண்டும் தனியார் கம்பனிகளிடம் போயிற்று. துரை மாறினார், அரசு வந்தது, கம்பனி வந்தது. லயன் பெரும்பாலும் இருந்த இடத்திலேயே இருந்தது.

2007இல் இலங்கை முதன்முறையாக 50 கோடி டொலருக்குச் சர்வதேசச் சந்தையில் கடன் முறிகளை விற்றது. அதன் பின் பழைய முறியை அடைக்கப் புதிய முறி என்ற ஓட்டம். 2019 இறுதியில் வரிகள் வெகுவாகக் குறைக்கப்பட்டன. 2021இல் இரசாயன உரத்திற்குத் தடை வந்தது. சில மாதங்களில் அது விலக்கப்பட்டாலும், அவ்வாண்டு சுமார் 30 கோடி கிலோவாக இருந்த தேயிலை உற்பத்தி 2022இல் சுமார் 25 கோடி கிலோவாகச் சரிந்தது. ஈரானிடம் வாங்கிய எண்ணெய்க்கான 25 கோடி டொலர் பாக்கியை மாதம் 50 இலட்சம் டொலர் பெறுமதியான தேயிலையால் தீர்ப்பதென்று ஓர் உடன்படிக்கை 2021 டிசம்பரில் கையெழுத்தாகியிருந்தது. நாட்டின் கடனைக் கொழுந்து கட்டுகிறது என்பதை இவ்வளவு வெளிப்படையாக எந்த அரசும் எழுதிக் கொடுத்ததில்லை.

2022 ஏப்ரல் 12ஆம் திகதி வெளிநாட்டுக் கடனைத் திருப்பிச் செலுத்துவது நிறுத்தப்பட்டது. 2021 மார்ச்சில் சம்பளச் சபை நிர்ணயித்த 1,000 ரூபாய் நாட்சம்பளம் அப்போது ஏறத்தாழ 5 டொலர். 2022 நடுப்பகுதியில் அது 3 டொலருக்கும் கீழே. 2023 மார்ச்சில் நாணய நிதியத்தின் சுமார் 300 கோடி டொலர் திட்டம் அங்கீகாரம் பெற்றது. அதற்கு முந்திய மாதமே மின்கட்டணம் 66 சதவீதம் ஏறியிருந்தது.

ஆனால் நான் இங்கு முக்கியமாகச் சொல்ல விரும்புவது வேறொன்று. தோட்டத் தொழிலாளியை நாம் எப்போதும் கடன்பட்டவராகவே பார்த்துப் பழகிவிட்டோம். உண்மையில் அவர் அரசுக்குக் கடன் கொடுத்தவர். 1958ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் அமைந்த ஊழியர் சேமலாப நிதிக்கு அவருடைய சம்பளத்திலிருந்து 8 சதவீதமும் தொழில் வழங்குநரிடமிருந்து 12 சதவீதமும் போகின்றன. அந்த நிதியின் மிகப் பெரும் பகுதி அரசின் திறைசேரி முறிகளில் இடப்பட்டிருக்கிறது. 2023இல் உள்நாட்டுக் கடன் மறுசீரமைப்பு வந்தபோது, வங்கிகளின் கையிலிருந்த திறைசேரி முறிகள் தொடப்படவில்லை. சேமலாப நிதிகளோ தம் முறிகளை நீண்ட கால முறிகளாக மாற்ற வேண்டியதாயிற்று: முதலில் 12 சதவீத வட்டி, அதன் பின் 9 சதவீதம். மாற்ற மறுத்தால் வருமானத்தின் மீதான வரி 14 சதவீதத்திலிருந்து 30 சதவீதமாகும் என்ற நிபந்தனையும் உண்டு.

வருடத்திற்கு 9 சதவீத வருவாய்க்கு அரசு உறுதி கூறியது உண்மைதான். ஆனால் 2022 செப்டம்பரில் பணவீக்கம் 70 சதவீதத்தைத் தொட்டதே! முப்பது ஆண்டுகள் பனியிலும் அட்டைக் கடியிலும் கொழுந்து பறித்துச் சேர்ந்த தொகையில் கூரை போடலாம் என்றிருந்த ஒரு தாய், அதில் பாதிக் கூரைதான் போட முடியும் என்ற நிலைக்கு வந்தார். சர்வதேச முறிகளை வைத்திருந்தவர்கள் சட்ட ஆலோசகர்களை அமர்த்தி, குழு அமைத்து, பேரம் பேசி, 2024 டிசம்பரில்தான் மாற்றத்திற்கு இணங்கினார்கள். சேமலாப நிதி மத்திய வங்கியின் பொறுப்பில் உள்ளது. பாராளுமன்றம் வாக்களித்தது, பணத்தின் சொந்தக்காரரை யாரும் கேட்கவில்லை.

2028இல் வெளிநாட்டுக் கடன் தவணைகள் மீண்டும் முழு வேகத்தில் தொடங்கவுள்ளன. இன்னொரு பேச்சுவார்த்தை நேரலாம். சேமலாப நிதி உறுப்பினர்களின் பிரதிநிதி ஒருவர் அந்த மேசையில் அமர வேண்டும் என்று மலையகத் தொழிற்சங்கங்கள் இப்போதே கேட்க வேண்டும். நாட்சம்பளத்திற்காக நடத்தும் போராட்டத்திற்கு இது சற்றும் குறைந்ததன்று. துண்டுக் காலத்தில் கங்காணி மட்டும் கணக்கை அறிந்திருந்தார். அந்த நிலை தொடர நாம் இடம் கொடுக்கலாமா?