கெல்வின் கணக்கில் அடங்காத கடல்: சூரியக் குடும்பத் தோற்றக் கோட்பாடுகளும் அரியலூர்ப் பாறைகளும்

1862ஆம் ஆண்டில் ஒன்றையொன்று அறியாத இரண்டு எழுத்துகள் அச்சேறின. ஒன்று, இந்தியப் புவியியல் ஆய்வுத் துறைக்காக ஹென்றி பிரான்சிஸ் பிளான்போர்டு எழுதிய, தென்னார்க்காடு, திருச்சிராப்பள்ளி மாவட்டங்களின் கிரெட்டேசியஸ் காலப் பாறைகள் பற்றிய அறிக்கை. மற்றொன்று, மேக்மில்லன்ஸ் மேகசின் என்ற ஆங்கில இதழில், பின்னாளில் கெல்வின் பிரபு ஆன வில்லியம் தாம்சன் சூரிய வெப்பத்தின் வயது குறித்து எழுதிய கட்டுரை. இன்றைய அரியலூர், பெரம்பலூர் மாவட்டங்களின் மண்ணில் கடல் வந்துபோன வரலாற்றைப் பிளான்போர்டு அடுக்கடுக்காகப் பிரித்துக் காட்டினார். அப்படிப்பட்ட வரலாறு எதுவும் மிக நீண்டதாக இருக்க முடியாது என்று தாம்சன் கணக்குப் போட்டுக் காட்டினார்.

சூரியக் குடும்பம் எப்படித் தோன்றியது என்ற கேள்வியின் வரலாற்றை நம் பாடநூல்கள் வானியலாளர்களின் கதையாகவே சொல்லிவருகின்றன. காண்ட், லாப்லாஸ், ஜீன்ஸ் என்று பெயர்கள் வரிசையாக வரும். சுத்தியலும் கையுமாக அலைந்தவர்கள் அதில் வருவதில்லை. ஆனால் வானத்தைப் பற்றிய கோட்பாடுகளை மறுபடி மறுபடி திருத்தவைத்ததில் கல்லுக்குப் பெரும் பங்கு உண்டு. இதை விளக்க அரியலூர்ப் பாறைகளை இக்கட்டுரை ஓர் அளவுகோலாக எடுத்துக்கொள்கிறது. கெல்வின் அரியலூரைப் பார்த்ததில்லை. அளவுகோல் என் தேர்வு.

மண்ணில் கிடந்த கடல்

1840களின் தொடக்கத்தில் கேய், கன்லிஃப் என்ற இரு ஆங்கிலேயர்கள் புதுச்சேரி, விருத்தாசலம், திருச்சிராப்பள்ளி வட்டாரங்களில் கிளிஞ்சல்களையும் அம்மோனைட்டுகளையும் பொறுக்கி லண்டனுக்கு அனுப்பினர். எட்வர்டு ஃபோர்ப்ஸ் அவற்றை ஆராய்ந்து 1846இல் விரிவான விளக்கம் வெளியிட்டார். அதன் பிறகே முறையான நில ஆய்வு தொடங்கியது. பிளான்போர்டு இப்பாறைகளை ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர் என மூன்று தொகுதிகளாகப் பகுத்தார். உட்பிரிவுகள் எத்தனையோ மாறிவிட்டன. அந்த மூன்று பெயர்கள் நிலவியல் வகுப்பறைகளில் இன்றும் புழங்குகின்றன. இதே பிளான்போர்டுதான் 1875இல் இந்திய வானிலை ஆய்வுத் துறையின் முதல் தலைவரானார். மொராவியாவில் பிறந்த பெர்டினாண்டு ஸ்டோலிஸ்கா தென்னிந்தியக் கிரெட்டேசியஸ் உயிரினங்களைப் பற்றிப் பெரும் தொகுதிகள் எழுதிமுடித்தார். 1874இல் யார்க்கண்டிலிருந்து திரும்பும் வழியில் லடாக் மலைப்பாதையில் இறந்தார்.

காரை கிராமத்துக்கு அருகே செடிகொடியற்று மழைநீர் அரித்த களிமண் மேடுகளில் நடந்தால், தோட்டா வடிவிலான பெலம்னைட்டுகள் காலடியில் தட்டுப்படும். சாத்தனூரில் ஏறத்தாழ 18 மீட்டர் நீளக் கல்மரம் கிடக்கிறது. நிலத்தில் வளர்ந்து, கடலுக்கு அடித்துவரப்பட்டு, சேற்றில் அமிழ்ந்து கல்லான மரம். 1940இல் அதை அடையாளம் கண்ட எம்.எஸ். கிருஷ்ணன் பின்னர் இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையின் முதல் இந்தியத் தலைவரானார். இங்கு வெளித்தெரியும் கடற்படிவங்கள் சுமார் 11 கோடி ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 6 கோடிச் சொச்சம் ஆண்டுகளுக்கு முன் வரை நீள்கின்றன என்பது இன்றைய மதிப்பீடு. கடல் ஒரே மூச்சாக நிற்கவில்லை. உள்ளே வந்தது, பின்வாங்கியது, மறுபடி வந்தது. மொத்தக் கணக்கு 4 கோடி ஆண்டுக்கும் மேல். இந்த எண்ணை நினைவில் வைத்துக்கொண்டு கெல்வினிடம் போகலாம்.

ஆறும் உருண்டை

வால்மீன் ஒன்று சூரியனில் மோதித் தெறித்த பொருளே கோள்களாயிற்று என்றார் புஃபோன் (1749). பரவிக் கிடந்த பொருள் ஈர்ப்பால் திரண்டது என்றார் காண்ட் (1755). லாப்லாஸ் 1796இல் சொன்னதே நிலைபெற்றது: மெல்லச் சுழலும் வெப்ப வாயு முகில் குளிர்ந்து சுருங்குகிறது, கைகளை மார்போடு சேர்த்துக்கொண்டு சுழல்பவரின் வேகம் கூடுவதுபோல அதன் வேகம் கூடுகிறது, விளிம்பிலிருந்து வளையங்கள் கழல்கின்றன, வளையங்கள் கோள்களாகின்றன, நடுவில் மிஞ்சியது சூரியன். இதுவே நெபுலாக் கோட்பாடு.

பூமி உருகிய நிலையில் பிறந்தது என்பது இந்தப் பார்வையோடு இயல்பாகப் பொருந்தியது. கொல்லன் பட்டறையில் பழுக்கக் காய்ச்சிய இரும்பை வெளியே வைத்தால், இப்போதுள்ள சூட்டைத் தொட்டே எப்போது எடுத்துவைத்தான் என்று கணிக்கலாம் அல்லவா? கெல்வின் செய்தது அதுதான். அதே 1862இல் எடின்பரோவில் வாசித்த கட்டுரையில் பூமியின் மேலோடு இறுகி 9.8 கோடி ஆண்டுகள் ஆகியிருக்கலாம் என்றும், தரவுகளின் ஐயப்பாட்டைக் கருதி 2 கோடி முதல் 40 கோடி வரை இடம் கொடுக்கலாம் என்றும் சொன்னார். சூரியனுக்கும் எரிபொருள் வேறில்லை. பொருள் உள்நோக்கி விழுந்து சுருங்கியதில் பிறந்த வெப்பம்தான் என்று கொண்டால், அதற்கும் நீண்ட ஆயுள் கிடையாது.

அவருடைய சூரியக் கட்டுரை நேரடியாகத் தாக்கியது டார்வினை. தென் இங்கிலாந்தின் வீல்டு பகுதி அரிக்கப்பட 30 கோடி ஆண்டுகள் பிடித்திருக்கும் என்று டார்வின் 1859இல் எழுதியிருந்தார். அங்கே அரிக்கப்பட்டது கிரெட்டேசியஸ் சுண்ணாம்பு. அரியலூர்ப் பாறைக்குப் பங்காளி முறை. அந்தக் கணக்கு ஓட்டை நிறைந்தது என்பது உண்மைதான், டார்வினே 1861ஆம் ஆண்டுப் பதிப்பில் அதை நீக்கிவிட்டார். எனினும் நிலவியலாளர்கள் அடுத்த நாற்பது ஆண்டுகள் கெல்வினுக்கு அஞ்சியே எழுதினர். 1897இல் அவர் பூமியின் வயதை 2 கோடிக்கும் 4 கோடிக்கும் இடையில் இறுக்கினார். அதாவது மலை, கடல், உயிர் அனைத்துக்கும் சேர்த்து அவர் ஒதுக்கிய காலம், அரியலூரில் கடல் வந்துபோவதற்கு மட்டுமே போதாது.

கெல்வின் தவறியதற்குக் கதிரியக்கத்தை அவர் அறியாததே காரணம் என்று வழக்கமாக எழுதப்படுகிறது. அது பாதி உண்மை. அவருடைய முன்னாள் உதவியாளர் ஜான் பெர்ரி 1895இலேயே, பூமியின் உட்பகுதி மேலோட்டைவிட எளிதாக வெப்பத்தைக் கடத்தினால் வயது பல மடங்கு கூடும் என்று காட்டிவிட்டார். கேட்கத்தான் ஆளில்லை.

இந்தியப் பனியும் சிகாகோ ஐயமும்

லாப்லாஸ் கோட்பாட்டின் மீது விழுந்த பலமான அடிகளில் ஒன்று நிலவியலாளர் ஒருவரிடமிருந்து வந்தது. சிகாகோவின் தாமஸ் சேம்பர்லின் பனியாறுகளை ஆராய்ந்தவர். பூமி தீக்குழம்பாகப் பிறந்து படிப்படியாக ஆறிவருகிறது என்றால், பழைய காலத்தில் வெப்பமும் பிந்திய காலத்தில் குளிரும் இருக்க வேண்டும். ஆனால் இந்தியாவிலும் ஆஸ்திரேலியாவிலும் தென்னாப்பிரிக்காவிலும் பேலியோசோயிக் காலப் பனியின் தடங்கள் கிடைத்திருந்தன. இந்தியத் தடம் ஒடிசாவின் தால்ச்சேர் நிலக்கரிப் பகுதியில் உள்ளது. அங்குள்ள பாறாங்கற்களைப் பனிதான் சுமந்து வந்திருக்க வேண்டும் என்று 1856இல் எழுதியவர்கள் வில்லியம் தியோபால்டும் பிளான்போர்டு சகோதரர்கள் இருவரும். தம்பி, அரியலூரை அளந்த அதே ஹென்றி.

1899இல் சேம்பர்லின் கெல்வினை வெளிப்படையாக மறுத்தார். பின்னர் வானியலாளர் மோல்ட்டனுடன் சேர்ந்து, கோள்கள் குளிர்ந்த சிறு திண்மத் துண்டுகள் ஒட்டித் திரண்டவை என்ற கோட்பாட்டை 1905 வாக்கில் முன்வைத்தார். பெரம்பலூர் மாவட்டம் குன்னத்தில் 2020இல் மண்ணைத் தோண்டியபோது கிடைத்த கல் உருண்டைகளை டைனோசர் முட்டைகள் என்று ஊரே நம்பியது. நடுவில் ஒரு கரு, சுற்றிலும் கனிமம் படலம் படலமாகச் சேர்ந்த கற்கள் என்று புவியியலாளர்கள் விளக்கினர். சேம்பர்லின் நினைத்த பூமியும் இப்படிச் சேர்ந்து பருத்ததுதான். ஒப்புமை அவ்வளவே; குன்னத்தில் வேலை செய்தது நீரில் கரைந்த கனிமம், வானில் ஈர்ப்பு.

இன்னொரு முட்டுக்கட்டை கோண உந்தம். சூரியக் குடும்பத்தின் நிறையில் 99.8 விழுக்காடு சூரியனிடம் இருக்கிறது. சுழற்சியின் கோண உந்தத்திலோ அதன் பங்கு 1 விழுக்காடும் இல்லை, வியாழன் மட்டுமே ஏறத்தாழ 60 விழுக்காட்டை வைத்திருக்கிறது. லாப்லாஸ் சொன்னபடி சுருங்கியிருந்தால் சூரியன் அசுர வேகத்தில் சுழல வேண்டும். எனவே வெளியிலிருந்து ஒரு விண்மீனை அழைத்துவந்தார்கள். அருகே கடந்த விண்மீன் சூரியனிலிருந்து ஓர் இழையை உருவிப்போட்டது என்றனர் ஜீன்ஸும் ஜெஃப்ரீசும். அலகாபாத்தின் கணிதப் பேராசிரியர் ஏ.சி. பானர்ஜி 1942இல், துடிப்பு விண்மீன் ஒன்று வேறு விண்மீனின் நெருக்கத்தால் நிலைகுலைந்து பொருளை வீசியது என்ற மாற்றுக் கோட்பாட்டைத் தந்தார், அது நிலைக்கவில்லை. அதற்குள் 1939இலேயே லைமன் ஸ்பிட்சர், இவ்வளவு வெப்பமான இழை திரளாது, சிதறிவிடும் என்று காட்டியிருந்தார்.

போர்க்கால ஜெர்மனியில் வைட்செக்கர் முகில் கொள்கையைக் கொந்தளிப்புச் சுழல்களோடு புதுப்பித்தார். அதை 1946இல் ஆங்கிலத்தில் ஆய்ந்து எழுதியவர் சுப்ரமணியன் சந்திரசேகர், திருச்சிராப்பள்ளியில் பிறந்த சி.வி. ராமனின் அண்ணன் மகன். சுழல்களின் ஒழுங்கான அடுக்கும் பின்னர் கைவிடப்பட்டது. ஆனால் சூரியனைச் சுற்றிய வாயுத் தட்டு என்ற கருத்து திரும்பிவிட்டது. 1969இல் மாஸ்கோவின் சாஃப்ரோனோவ் அந்தத் தட்டில் தூசி எப்படிக் கோளாகிறது என்பதற்கு முழுமையான கணிதம் வகுத்தார். 2014இல் சிலியின் ஆல்மா தொலைநோக்கி எச்.எல். டாரி என்ற இளம் விண்மீனைச் சுற்றி வளைய வளையமான தட்டைப் படமெடுத்தது. காண்ட் அந்தப் படத்தைப் பார்த்திருந்தால் மகிழ்ந்திருப்பார்.

விண்கல் சொன்ன காலம்

கால நெருக்கடியைத் தீர்த்ததும் கல்தான், இம்முறை வானிலிருந்து விழுந்த கல். 1956இல் கிளேர் பேட்டர்சன் விண்கற்களின் ஈயத்தை அளந்து 455 கோடி ஆண்டுகள் என்றார். விண்கற்களின் மிகப் பழைய துகள்களுக்கு இன்று 456.7 கோடி என்று சொல்கிறோம். அடுத்து எழுந்த கேள்வி நுட்பமானது: முகில் சுருங்கத் தொடங்கியதிலிருந்து முதல் திண்மத் துகள் உருவாக எவ்வளவு காலம்? அகமதாபாத் இயற்பியல் ஆய்வுக்கூடத்தின் ஜே.என். கோஸ்வாமி குழுவினர் 1994இல் எஃப்ரெமோவ்கா விண்கல்லில், சுமார் 1 லட்சம் ஆண்டு அரை ஆயுளே கொண்ட கால்சியம்-41 ஒருகாலத்தில் உயிர்ப்போடு இருந்த தடத்தைக் கண்டனர். அது அழிவதற்குள் துகள் உருவாகிவிட்டது என்றால், அந்தக் கட்டம் சில லட்சம் ஆண்டுகளில் முடிந்திருக்க வேண்டும். 1996இல் ராஜஸ்தானில் விழுந்த பிப்லியா கலான் விண்கல்லில் அலுமினியம்-26இன் தடம் கிடைத்ததை 1999இல் வெளியிட்டனர். தொடக்க காலச் சிறுகோள்களை உருக்கிய வெப்பம் எங்கிருந்து வந்தது என்பதற்கு அது வலுவான விடை. என் மதிப்பில், இத்துறைக்கு இந்தியா தந்ததில் தலையாயது இதுவே.

பிப்லியா கலான் ஆய்வில் பங்குபெற்ற நரேந்திர பண்டாரி, மேகாலயாவில் உம் சொரிங்க்யூ ஆற்றங்கரைப் பாறைகளில், சிறுகோள் மோதலின் சுவடான இரிடியம் படலத்தையும் பதிவுசெய்தவர். இங்கே கதை மறுபடி அரியலூருக்குத் திரும்புகிறது. 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் மெக்சிகோவின் சிக்சுலூபில் மோதிய சிறுகோள் கிரெட்டேசியஸ் காலத்தை முடித்துவைத்தது. அதன் ருத்தேனியம் தடங்களை அளந்த ஜெர்மானியக் குழு, அது வியாழனுக்கு அப்பால் உருவான கரிமவகைப் பொருள் என்று 2024இல் அறிவித்தது. கோள்கள் திரண்டபோது சேராமல் நின்ற செங்கல் ஒன்று, 450 கோடி ஆண்டு கழித்து வந்து விழுந்திருக்கிறது.

அந்த நாளுக்கு முந்திய கடைசி நிலத்தை அரியலூர் மாவட்டத்தின் கல்லமேடு பாறைகள் காட்டுகின்றன. கடல் விலகிய பின் ஆறுகள் இட்ட மணலும் களிமண்ணும் அவை. அங்கே சார்லஸ் மேட்லி 1929இல் டைனோசர் எலும்புகளை விவரித்தார்; 1980களில் யாதகிரியும் அய்யாசாமியும் புருகத்காயோசாரஸ் என்ற பேருருவைப் பதிவுசெய்தனர். அந்த எலும்புகள் நொறுங்கிப்போயின, படங்களே மிச்சம். கல்லமேட்டுக்கு மேல் படிந்த நின்னியூர்ச் சுண்ணாம்புக்கல் பேரழிவுக்குப் பின் திரும்பிவந்த கடலுடையது. இரண்டுக்கும் நடுவே காலம் விடுபட்டிருப்பதாகவே பலரும் கருதுகின்றனர்.

அரியலூரின் சுண்ணாம்புக்கல் இரவும் பகலும் சிமெண்டாகிக்கொண்டிருக்கிறது. வேண்டாம் என்று யாரும் சொல்ல முடியாது. சோறு போடும் தொழில். ஆனால் கல்லமேடும் நின்னியூரும் சந்திக்கும் முகங்களை மட்டுமாவது வெட்டுக்கு முன் ஒதுக்கிவைக்க வேண்டும். திருச்சி, தஞ்சை, சென்னை நிலவியல் மாணவர்கள் அந்த முகத்தைச் சென்டிமீட்டர் கணக்கில் சுரண்டி எடுத்து, மோதலின் சுவடு இருக்கிறதா என்று ஆய்வுக்கூடத்தில் பார்க்கட்டும். நொறுங்கிய எலும்புக்குப் படமாவது இருக்கிறது. இதற்கு அதுவும் இருக்காது.