பொந்தியானாக்கிற்கு முகம் தந்த மரியா மெனாடோ

பொந்தியானாக் என்றதும் நள்ளிரவும் வாழைமரமும் விரித்த கூந்தலும் நினைவுக்கு வராதவர்கள் மலேசியாவிலோ சிங்கப்பூரிலோ உண்டா? பாட்டிமார்கள் சொல்லிப் பயமுறுத்திய அந்தப் பேய்க்குத் திரையில் உயிர் கொடுத்தவர் மரியா மெனாடோ. பி.ரம்லீயை அறிந்த இன்றைய தலைமுறைக்கு இவரது பெயர் அவ்வளவாகத் தெரிவதில்லை.

1932ல் இந்தோனேசியாவின் சுலாவெசி தீவில் பிறந்தவர் இவர். அங்குள்ள மெனாடோ நகரின் பெயரே இவரது திரைப்பெயரில் சேர்ந்துகொண்டது. சிங்கப்பூருக்கு வந்தவருக்கு 1951ல் 'பெங்ஹிடுப்பான்' படத்தில் வாய்ப்புக் கிடைத்தது. அப்படத்தை இயக்கியவர் மதராஸில் பிறந்த எல்.கிருஷ்ணன். மலாய்த் திரையுலகில் அன்று இந்திய இயக்குநர்களின் கை ஓங்கியிருந்தது.

பேரழகி என்று பெயரெடுத்த மரியா, 1957ல் துணிச்சலான ஒரு முடிவை எடுத்தார். கேத்தே-கிரிஸ் நிறுவனத்தின் 'பொந்தியானாக்' படத்தில் கூன் விழுந்த, அவலட்சணமான சோமெல் என்ற பெண்ணாக நடிக்கச் சம்மதித்தார். அழகை நம்பிப் பிழைக்கும் நடிகைகள் தயங்கக்கூடிய வேடம் அது.

மந்திர மருந்தைக் குடித்து அழகியாகிறாள் சோமெல். ஆனால், இரத்தத்தைச் சுவைக்கக்கூடாது என்பது கட்டளை. கணவனைப் பாம்பு கடிக்கிறது. அவன் உயிரைக் காக்க விஷத்தை வாயால் உறிஞ்சுகிறாள், பேயாகிறாள். பேய்க் கதைக்குள் ஒரு மனைவியின் தியாகம் ஒளிந்திருந்ததால்தான் மக்கள் பயந்துகொண்டே கண்ணீரும் விட்டார்கள்.

படத்தை இயக்கிய பி.என்.ராவ், 1939ல் 'ரம்பையின் காதல்' என்ற தமிழ்ப் படத்தை இயக்கியவர். மெர்டேக்காவுக்கு நான்கு மாதங்களுக்கு முன், 1957 ஏப்ரல் 27ஆம் தேதி, சிங்கப்பூர் கேத்தே திரையரங்கில் படம் வெளியானது. ஏறக்குறைய இரண்டு மாதங்கள் ஓடியது. கான்டனீஸ் மொழியிலும் குரல் கொடுக்கப்பட்டதால் சீனர்களும் திரண்டு வந்தனர். அதே ஆண்டில் 'டெண்டாம் பொந்தியானாக்', 1958ல் 'சும்பா பொந்தியானாக்' என்று தொடர்ச்சிப் படங்களும் வந்தன.

பின்னர் சொந்தமாகப் படத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கினார் மரியா. பெண்கள் தயாரிப்பாளர் நாற்காலியில் அமர்வது அபூர்வமாக இருந்த காலம் அது. பகாங் சுல்தான் அபு பக்காரை மணந்தபின் நடிப்புக்கு விடை கொடுத்தார்.

இதில் பெரும் சோகம் ஒன்றுண்டு. சோமெலாக அவர் நடித்த அந்த முதல் படத்தின் பிரதி இன்று இல்லை. தயாரிப்பாளர் ஹோ ஆ லோக் அதை ஈயக்குட்டையில் வீசிவிட்டதாகச் சொல்லப்படுகிறது. மூன்றாவது படம் மட்டுமே தப்பியது. எஞ்சிய கேத்தே-கிரிஸ் மலாய்ப் படங்களுக்கு 2014ல் யுனெஸ்கோவின் ஆசிய பசிபிக் நினைவுப் பதிவேட்டில் இடம் கிடைத்தது. காலம் கடந்து வந்த மரியாதை!

ஆனாலும், அந்தப் படத்தைத் திரையரங்கில் பார்த்த பெரியவர்கள் நம் குடும்பங்களில் இன்னும் இருக்கிறார்கள். அந்த முதல் படத்தின் காட்சிகள் இப்போது அவர்கள் நினைவில் மட்டும்தான் ஓடுகின்றன. இந்த வார இறுதியில் அவர்கள் பக்கத்தில் அமர்ந்து கேளுங்கள். அவர்களும் மறந்துவிட்டால், பிறகு யாரிடம் கேட்பது?