ஆபத்தில் அழைக்கும் எண்

ஆபத்து வேளையில் உதவி கேட்டுக் கூவுவது மனிதன் வாய் திறந்த நாள்தொட்டு வந்த வழக்கம். ஊர்ப் பறை, கோயில் மணி, கொம்பு, பிற்காலத்து ஆலைச் சங்கு ஆகிய எல்லாம் அந்தக் கூவலின் கருவிகளே. இவற்றுக்குப் பொதுவான இயல்பு ஒன்று உண்டு. ஓசை எந்தத் திக்கிலிருந்து வருகிறதோ அந்தத் திக்கில்தான் ஆபத்து. கேட்டவர் காது காட்டிய வழியே ஓடினால் போதும். தொலைபேசி என்னும் அற்புதம் வந்தபோது குரல் கம்பியேறி வெகுதூரம் போயிற்று. திக்கு மட்டும் உடன் போகாமல் நின்றுவிட்டது. ஆபத்துக் கால அழைப்பின் சரித்திரம், பின்தங்கிய அந்தத் திக்கை மீண்டும் குரலோடு சேர்த்துவைக்க மனிதர் செய்த முயற்சிகளின் சரித்திரம் என்றே எனக்குத் தோன்றுகிறது. நான் வாழும் மூக்கண்டப்பள்ளி அதற்கு நல்லதோர் உரைகல். நேயர்கள் சற்றுப் பொறுத்தருளினால், உலகைச் சுற்றிவிட்டு அவ்வூருக்கு வந்து சேர்கிறேன்.

நம் நாட்டில் 1882-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் கல்கத்தா, பம்பாய், சென்னை ஆகிய நகரங்களில் தொலைபேசி நிலையங்கள் திறக்கப்பட்டன. சென்னையில் அது எர்ரபாலு செட்டித் தெருவில் இயங்கிற்று. எண்களைச் சுழற்றும் வட்டு அக்காலத்தில் இல்லை. நிலையத்துப் பலகையில் ஓர் அடையாளம் விழும். அதன் முன் அமர்ந்திருப்பவர், 'யார் வேண்டும்?' என்று கேட்பார். அடையாளம் விழுந்த இடத்தைக் கொண்டே எந்த வீட்டார் அழைக்கிறார் என்பதை அவர் அறிவார். சிற்றூர் நிலையமாயின், டாக்டர் அந்நேரம் யார் வீட்டுக்குப் போயிருக்கிறார் என்பதுகூடத் தெரிந்திருக்கும். இன்று பெரும்பொருள் செலவிட்டு இயந்திரங்களுக்குக் கற்பிக்கும் வித்தையை அன்று ஓர் ஊழியர் மாதச் சம்பளத்துக்குச் செய்துகொண்டிருந்தார். ஆயினும் ஒரு குறை இருந்தது. வீடு பற்றியெரிகிறவரும் வம்பளக்க விரும்புகிறவரும் அவர்முன் ஒரே வரிசையில்தான் நிற்க வேண்டும்.

இக்குறை லண்டன் மாநகரில் உலகறிய வெளிப்பட்டது. 1935-ஆம் ஆண்டு நவம்பர் 10-ஆம் நாள் விம்போல் தெருவில் ஒரு மருத்துவரின் இல்லம் தீப்பற்றி ஐந்து பெண்கள் மாண்டனர். அண்டை வீட்டார் ஒருவர் தீயணைப்புப் படையை அழைக்கக் கருவியை எடுத்தார். வெல்பெக் நிலையத்தின் வரிசையில் அவர் அழைப்பு காத்துக் கிடந்தது. கொதித்துப்போன அவர் 'டைம்ஸ்' பத்திரிகைக்குக் கடிதம் எழுதினார். அரசு விசாரணை நடத்திற்று. அதன் பயனாக 1937-ஆம் ஆண்டு ஜூன் 30-ஆம் நாள் லண்டனில் 999 என்னும் எண் நடைமுறைக்கு வந்தது. அந்த எண்ணைச் சுழற்றினால் நிலையத்தில் சிவப்பு விளக்கு எரியும். ஊதல் ஒன்று அலறும். அலறல் பொறுக்கமாட்டாமல் ஊழியப் பெண்கள் அதன் வாயில் டென்னிஸ் பந்தைத் திணித்து வைத்தார்கள் என்று சொல்வர்!

ஏன் 999? இருளிலும் புகையிலும் விரலால் தடவியே வட்டின் ஓரத்தைக் கண்டுகொள்ளலாம். ஒன்பதாம் துளை அதற்கு அருகில் உள்ளது. காசு போட்டுப் பேசும் பெட்டியில் ஒன்பதைக் காசின்றிச் சுழலவிடுவதும் எளிது. 111 என வைத்திருக்கலாமே எனில், ஒன்று என்பது ஒரே ஒரு மின் துடிப்பு. காற்றில் இரு கம்பிகள் உரசிக்கொண்டாலே அது எழுந்துவிடும். ஆளில்லாமலே தீயணைப்பு வண்டி புறப்பட்டுவிடும் அல்லவா? வேடிக்கை என்னவெனில், 1958-இல் நியூஸிலாந்து 111-ஐத்தான் தேர்ந்துகொண்டது. அந்நாட்டு வட்டுகளில் எண்கள் தலைகீழ் வரிசை. அங்கே ஒன்றைச் சுழற்றினால் கம்பியில் ஒன்பது துடிப்புகள் போகும். அமெரிக்காவின் 911, 1968-ஆம் ஆண்டு பிப்ரவரி 16-ஆம் நாள் அலபாமா மாநிலத்து ஹேலிவில் என்னும் சிற்றூரில் முதன்முதலாக ஒலித்தது. அழைப்பவரின் எண்ணைக் கொண்டு அவர் முகவரியைத் திரையில் காட்டும் ஏற்பாட்டை எழுபதுகளில் அந்நாட்டினர் தொடங்கினர். தானியங்கி நிலையம் வந்து பலகை ஊழியரை வீட்டுக்கு அனுப்பியபோது இழந்துபோன திக்கு, அங்கேதான் மீண்டும் குரலோடு ஒட்டிக்கொண்டது.

நம் நாட்டுக் கதை வேறு. இங்கே முதற்கவலை எண்ணைப் பற்றியதன்று, கருவியைப் பற்றியது. வெளியூருக்குப் பேச 'டிரங்க் கால்' பதிந்துவிட்டுக் காத்திருந்த தலைமுறை இன்னும் நம்மிடையே உண்டு. சாதாரணம், அவசரம், மின்னல் என்று அதில் தரங்கள் இருந்தன. கட்டணம் ஏற ஏற வரிசையில் முன்னே நகரலாம். அவசரத்தையும் விலைக்கு விற்ற முறை அது. 1960-இல் கான்பூருக்கும் லக்னோவுக்கும் இடையே நேரடியாகச் சுழற்றும் வசதி வந்தது. காவலுக்கு 100, தீக்கு 101, ஆம்புலன்ஸுக்கு 102 என்று நகரங்கள் பழகின. கிராமங்களோ பழகுவதற்குக் கருவியே இல்லாமல் இருந்தன. 1984-இல் தோன்றிய சி-டாட் நிறுவனம், நம் புழுதிக்கும் வெயிலுக்கும் தாங்கக்கூடிய சிறிய தானியங்கி நிலையம் ஒன்றை உருவாக்கிற்று. அது 1986-இல் கர்நாடகத்துக் கித்தூரில் இயங்கத் தொடங்கியது. அதன் பின்னரே சிற்றூர்களில் தொலைபேசி என்பது நடக்கக்கூடிய காரியமாயிற்று.

ஏறத்தாழ அதே காலத்தில்தான் எங்கள் பகுதியின் முகமும் மாறியது. 1971-இல் தோன்றிய சிப்காட் நிறுவனம் ஓசூரை அடுத்துத் தொழிற்பேட்டை அமைத்தது. கேழ்வரகும் கொள்ளும் விளைந்த நிலத்தில் லாரி, மொபெட், கைக்கடிகாரம் முதலியன செய்யும் ஆலைகள் எழுந்தன. மூக்கண்டப்பள்ளி 2011-இல் ஓசூர் நகராட்சியோடு சேர்ந்தது; 2019-இல் அந்நகராட்சி மாநகராட்சியாயிற்று. ஆலை வந்தால் கொதிகலன் வரும், அமில உருளை வரும், இரவுப் பணி வரும். 1984-ஆம் ஆண்டு டிசம்பர் இரவில் போபாலில் நச்சுக் காற்று கசிந்தபோது ஊருக்கு எச்சரிக்கை தரும் சங்கு சிறிது நேரமே ஒலித்து நிறுத்தப்பட்டது என்பதை நாடு மறக்கவில்லை. அதன் பிறகு, 1989-ஆம் ஆண்டின் விதிகள் அபாய இரசாயனம் வைத்திருக்கும் ஆலைக்கு உள்ளே ஒரு திட்டமும் வெளியே ஊருக்கு ஒரு திட்டமும் வேண்டும் எனக் கட்டளையிட்டன. நல்ல விதிகள். ஆனால் வெளித்திட்டம் என்பது மாவட்டந்தோறும் எழுதப்படுவது. எங்கள் மாவட்டமோ சில கிலோமீட்டரில் முடிந்துவிடுகிறது. ஜூஜுவாடியைத் தாண்டினால் அத்திப்பள்ளி, அது கர்நாடகம்.

இனிக் கைபேசிக்கு வருவோம். 1995-இல் நம் நாட்டில் முதன்முதலாகப் பேசப்பட்ட அக்கருவி பத்துப் பதினைந்து ஆண்டுகளில் கூலித் தொழிலாளியின் சட்டைப் பைக்கும் வந்துவிட்டது. உதவிக்கு அழைக்க இனி அஞ்சல் நிலையத்துக்கு ஓட வேண்டுவதில்லை. 108 ஆம்புலன்ஸ் சேவை 2005-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 15-ஆம் நாள் ஐதராபாத்தில் தொடங்கிற்று. தமிழ்நாட்டில் அது 2008-ஆம் ஆண்டு செப்டம்பர் 15-ஆம் நாள் வந்தது. கர்நாடகத்தில் அதே ஆண்டு நவம்பர் முதல் நாள். இரு மாநிலங்களுக்கும் எண் ஒன்று. ஆனால் கேட்கும் அறைகள் இரண்டு. ஒன்று சென்னையில், முந்நூறு கிலோமீட்டருக்கு அப்பால். மற்றொன்று பெங்களூரில், நாற்பது கிலோமீட்டரில்.

இங்கேதான் எல்லைப்புறத்தாரின் இக்கட்டு. கைபேசி எந்தக் கோபுரத்தின் அலையை வலுவாகப் பெறுகிறதோ அதனைப் பற்றிக்கொள்ளும். மேய்கிற ஆடு மாநில எல்லையை அறியாதது போலவே வானலையும் அறியாது. மூன்றே இலக்கமுடைய எண்ணில் ஊர்க் குறியீடு கிடையாது. கோபுரம் எந்த மாநிலத்து வலையைச் சேர்ந்ததோ அம்மாநில அறைக்கே அழைப்பு போகும். தமிழ்நாட்டு மண்ணில் நின்று அழைத்தவருக்குக் கன்னடத்தில் மறுமொழி வந்தால் அதில் யாருடைய குற்றமும் இல்லை. கேட்பவர் 'எங்கே?' என்கிறார். அழைப்பவர் 'ஓசூர் ரோடு' என்கிறார். பெங்களூர் நகருக்குள்ளேயே ஓசூர் சாலை என்று புகழ்பெற்ற பெருஞ்சாலை ஒன்று இருக்கிறதே! தேடுகிற வண்டி அங்கே தேடத் தொடங்கினால் வியப்பென்ன? ஓசூர் என்பதற்குக் கன்னடத்தில் புதிய ஊர் என்று பொருள். அப்பெயருள்ள ஊர்கள் கர்நாடகத்தில் பல. இந்தப் பக்கம் பள்ளி என்று முடியும் ஊர்ப்பெயர்கள், அந்தப் பக்கம் ஹள்ளி என்று முடிவன. பதற்றத்தில் பேசுகிறவர் ஒடிசாவிலிருந்தோ பீகாரிலிருந்தோ வந்து ஒரு மாதமே ஆன தொழிலாளியானால் மூக்கண்டப்பள்ளி என்ற பெயர் அவர் நாவில் என்ன பாடுபடும் என்பதை நேயர்களின் கற்பனைக்கே விடுகிறேன்.

இன்னொரு முரணும் உண்டு. தலையில் அடிபட்டவரை எங்கள் பகுதியார் பெரும்பாலும் கொண்டு செல்ல விரும்புவது பெங்களூர் நிம்ஹான்ஸ் மருத்துவமனைக்கு. அதுவும் அந்த ஓசூர் சாலையில்தான் உள்ளது. ஆக, அழைப்பு கிழக்கே சென்னைக்குப் போக வேண்டும். நோயாளி மேற்கே கர்நாடகத்துக்குப் போக வேண்டும்.

பல எண்களை ஒன்றாக்கும் யோசனை 2012-ஆம் ஆண்டு டிசம்பரில் டில்லியில் நிகழ்ந்த கொடுமைக்குப் பின் வலுப்பெற்றது. ஐரோப்பிய நாடுகள் 1991-லேயே 112-ஐப் பொது எண்ணாக ஏற்றிருந்தன. 2015-இல் நம் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமும் அதனையே பரிந்துரைத்தது. கைபேசிகளில் ஆபத்து விசை வேண்டும் என்று 2016-இல் விதி வந்தது; சாதாரணக் கருவியில் ஐந்தையோ ஒன்பதையோ அழுத்திப் பிடித்தால் போதும். லண்டன் பொறியாளர்கள் இருளில் தடவித் தேர்ந்த அந்த ஒன்பது இங்கே மறுபிறவி எடுத்திருப்பதைக் கண்டு நான் மகிழ்ந்தேன். 2018-ஆம் ஆண்டு நவம்பரில் இமாசலப் பிரதேசத்தில் 112 தொடங்கிற்று. 2019-ஆம் ஆண்டு பிப்ரவரியில் தமிழ்நாடு உள்ளிட்ட பல மாநிலங்களுக்கு விரிந்தது. பழைய எண்களும் மறையவில்லை. பேரிடருக்கு 1077, குழந்தைகளுக்கு 1098, நெடுஞ்சாலைக்கு 1033 என்று நினைவில் வைக்க வேண்டியவை இன்னும் பல.

ஒரே எண் என்பது பாதி வேலைதான் என்பது என் கருத்து. மீதிப் பாதி அறைகளுக்கு இடையே உள்ளது. அழைப்பு தவறான மாநிலத்தில் விழுந்தால், 'நீங்கள் அந்த மாநிலத்தை அழையுங்கள்' என்று சொல்லித் துண்டிக்காமல், குரலையும் இடத்தையும் அப்படியே அடுத்த அறையிடம் ஒப்படைக்கும் ஏற்பாடு வேண்டும். அருகிலுள்ள வண்டி எந்த மாநிலத்துப் பலகை தாங்கியிருப்பினும் அதுவே புறப்பட வேண்டும். 2023-ஆம் ஆண்டு அக்டோபர் 7-ஆம் நாள் அத்திப்பள்ளியில் பட்டாசுக் கிடங்கு பற்றியெரிந்தபோது பதினான்கு பேருக்குக் குறையாமல் மாண்டனர். தீபாவளி வேலைக்கென்று தமிழ்நாட்டிலிருந்து போயிருந்த இளைஞர்கள் அவர்களுள் பலர். எரிந்த இடம் ஒரு மாநிலம். அழுத வீடுகள் மற்றொரு மாநிலம். அத்தகைய தீயின் முன் எல்லைப் பலகைக்கு என்ன பொருள்?

கைபேசி பெருகுமுன் நம் நாற்கரச் சாலைகளில் ஆங்காங்கே அவசரப் பேசிப் பெட்டிகள் நட்டிருந்தார்கள். பொத்தானை அழுத்தினால் கட்டுப்பாட்டு அறையில் எந்தப் பெட்டி, எத்தனையாவது கிலோமீட்டர் என்பது தானே தெரியும். பேசுபவருக்கு மொழி தெரியாவிட்டாலும், மயக்கமே வந்துவிட்டாலும், பெட்டிக்குத் தன் இடம் தெரியும். கோயில் மணியின் பழைய குணம் அதற்கு இருந்தது. கைபேசி அதனினும் கூர்மையாக இடம் காட்ட வல்லதே. ஆனால் செயற்கைக்கோள் கணிப்பு கிட்டாதபோது கோபுரக் கணக்கையே நம்ப வேண்டியிருக்கிறது, அது ஒரு பேட்டை முழுவதையும் ஒரே புள்ளியாகக் காட்டிவிடலாம்.

ஆகவே எங்கள் பக்கத்து ஆலைகளுக்குப் புதிதாக வரும் பிள்ளைகளிடம் நான் சொல்வது இது. அழைப்பு எடுக்கப்பட்டதும் என்ன நடந்தது என்று தொடங்காதீர்கள். தொடர்பு எந்நேரமும் அறுந்துபோகலாம். முதலில் தமிழ்நாடு என்று சொல்லுங்கள். பிறகு கிருஷ்ணகிரி மாவட்டம், ஓசூர், மூக்கண்டப்பள்ளி, ஆலையின் பெயர், வாயில் எண். சாலையில் நின்றால் கிலோமீட்டர்க் கல்லில் எழுதியுள்ள எண். அடிபட்டவர் எத்தனை பேர், எப்படி அடிபட்டது என்பதெல்லாம் அதன் பின்.