முகமூடி அணியாத குரல்: ஆயுத இயக்கமும் அதன் பேச்சாளரும்

காசாவிலிருந்து ஒருவர் பேசுவார். சிவப்புக் கட்டம் போட்ட கஃபியா முகத்தை மூடியிருக்கும், கண்கள் மட்டும் தெரியும். ஹமாஸின் ஆயுதப் பிரிவான கஸ்ஸாம் படையணியின் பேச்சாளர் அபு உபைதாவை உலகம் இருபது ஆண்டுகளாக இப்படித்தான் அறிந்திருந்தது. பெயரும் அவருடையதல்ல. நபிகளின் தோழர் ஒருவரின் பெயரைப் புனைபெயராக எடுத்துக்கொண்டார். 2025 ஆகஸ்ட் இறுதியில் அவரைக் கொன்றுவிட்டதாக இஸ்ரேல் அறிவித்தது.

நங்கநல்லூரில் எங்களோடு சேர்ந்து படிக்கும் மாணவர்கள் இதையொட்டிக் கேட்ட கேள்வி முக்கியமானது: ஓர் இயக்கத்துக்கு ஏன் முகமில்லாத வாய் தேவைப்படுகிறது? உயிர்ப் பாதுகாப்பு என்பது எளிய பதில். அது பாதிதான். முகம் தெரியாதபோது பேசுபவர் ஒரு தனிமனிதராக இருப்பதில்லை. அவரை ஆதரிப்போர் அந்தத் துணிக்குப் பின்னால் தங்கள் முகத்தையே வைத்துப் பார்க்கிறார்கள். அவர் இறந்தால் வேறொருவர் அதே துணியைக் கட்டிக்கொண்டு அதே பெயரில் பேசலாம். இன்னொன்றும் உண்டு. முகம் இல்லாதவரை நிறுத்தி வைத்துக் கேள்வி கேட்க முடியாது. 2023 அக்டோபர் 7 அன்று கொல்லப்பட்ட இஸ்ரேலியப் பொதுமக்களைப் பற்றி அவரிடம் யாரும் நேருக்கு நேர் கேட்டதில்லை. ஹமாஸின் முடிவுகளுக்கான விலையைக் கொடுக்கும் காசா மக்களாலும் கேட்க முடியவில்லை.

இதைத் தொலைதூரத்துக் கதையாக மட்டும் பார்க்க வேண்டியதில்லை. நம் சென்னைக்கே இப்படியொரு வரலாறு உண்டு.

1980களில் ஈழ இயக்கங்கள் பலவும் இந்நகரத்திலிருந்து இயங்கின. விடுதலைப் புலிகளுக்காகப் பேசியவர் அன்ரன் பாலசிங்கம். கொழும்பில் வீரகேசரி நாளிதழில் பணியாற்றியவர், பிறகு லண்டன் போனவர். 1983க்குப் பின் சென்னையில் தங்கினார். அவர் முகமூடி அணியவில்லை. பத்திரிகையாளர்களுக்கு அவர் முகமும் தெரியும், வீடும் தெரியும். அதற்கான விலையையும் கொடுத்தார். 1985 ஆகஸ்டில் திம்புப் பேச்சுவார்த்தை முறிந்ததும் இந்திய அரசு அவரை நாடு கடத்தியது. துப்பாக்கி வைத்திருந்தவர்கள் இங்கேயே இருந்தார்கள். பேசியவர்தான் விமானத்தில் ஏற்றப்பட்டார். தமிழ்நாட்டில் எழுந்த எதிர்ப்புக்குப் பின் திரும்பி வந்தார். அந்த டிசம்பரில் அவருடைய பெசன்ட் நகர் வீட்டில் குண்டு வெடித்தது. அவர் உயிர் தப்பினார்.

பேச்சும் தகவல் தொடர்பும் ஓர் ஆயுத இயக்கத்துக்கு எவ்வளவு முக்கியம் என்பதற்கு 1986 நவம்பர் இன்னொரு சான்று. தமிழகக் காவல்துறை இயக்கங்களின் ஆயுதங்களையும் தொலைத்தொடர்புக் கருவிகளையும் பறிமுதல் செய்தபோது, கருவிகளைத் திருப்பித் தரக் கோரிப் பிரபாகரன் சென்னையில் உண்ணாவிரதம் இருந்தார்.

பாலசிங்கத்தின் வேலை இயக்கம் சொன்னதை அப்படியே ஒப்பிப்பது மட்டுமல்ல. வன்னியின் மொழியை உலகத்தின் காதுக்கு ஏற்றபடி மாற்றிச் சொல்வதும்தான். ஒவ்வொரு நவம்பர் 27 அன்றும் பிரபாகரன் ஆற்றும் மாவீரர் நாள் உரையின் உட்பொருளை லண்டனில் திரண்ட தமிழருக்கு விளக்கியவர் அவர்தான். 2002 ஏப்ரல் 10 அன்று கிளிநொச்சியில் நடந்த பெரும் பத்திரிகையாளர் சந்திப்பில் பிரபாகரனுக்குப் பக்கத்தில் அமர்ந்து மொழிபெயர்த்தார். ராஜீவ் காந்தி கொலை பற்றிய கேள்விக்கு அங்கே வந்த பதில், அது ஒரு ‘துன்பியல் சம்பவம்’ என்பது. யார் செய்தார், யார் பொறுப்பு என்பதற்கு அந்தச் சொற்றொடரில் இடமே இல்லை. துணியால் மட்டும்தான் முகமூடி செய்ய முடியும் என்பதில்லை. எழுவாய் இல்லாத வாக்கியமும் ஒரு முகமூடிதான்.

பேச்சாளரின் எல்லையும் இங்கே தெரிகிறது. 2002 டிசம்பரில் ஒஸ்லோவில், உள்ளக சுயநிர்ணய உரிமையின் அடிப்படையில் கூட்டாட்சித் தீர்வை ஆராயலாம் என்று பாலசிங்கம் தலைமையிலான குழு ஒப்புக்கொண்டது. அடுத்த ஏப்ரலில் இயக்கம் பேச்சுவார்த்தையிலிருந்து விலகியது. பேசியவர் ஓரிடத்தில் இருந்தார், முடிவெடுக்கும் அதிகாரம் வேறிடத்தில் இருந்தது. 2006 டிசம்பர் 14 அன்று அவர் லண்டனில் இறந்தபோது இயக்கம் அவருக்கு ‘தேசத்தின் குரல்’ என்ற பட்டத்தை வழங்கியது.

தேசத்தின் குரல் என்றால் எந்தத் தேசத்தின் குரல்? அதற்குள் யாரெல்லாம் இருந்தார்கள்? சாதி ஒழிப்பைப் பேசும் நாம் கேட்க வேண்டிய கேள்வி இது.

1990 அக்டோபரில் வடக்கிலிருந்து முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டார்கள். சுமார் 75,000 பேர். யாழ்ப்பாணத்தில் அவர்களுக்குக் கிடைத்த அவகாசம் இரண்டு மணி நேரம். அந்த உத்தரவு ஒலிபெருக்கியில் வந்தது. அன்று இயக்கத்தின் குரல் தமிழ் பேசும் இன்னொரு மக்களுக்கு அப்படித்தான் கேட்டது.

இன்னும் பின்னால் போவோம். 1966 அக்டோபர் 21 அன்று சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணம் வரை தீண்டாமைக்கு எதிரான ஊர்வலம் நடந்தது. அடுத்த ஆண்டு தீண்டாமை ஒழிப்பு வெகுஜன இயக்கம் உருவானது. தேநீர்க் கடைகளும் கோயில்களும் போராட்டக் களங்களாயின. 1968இல் மாவிட்டபுரம் கந்தசாமி கோயிலுக்குள் நுழையத் திரண்ட ஒடுக்கப்பட்ட மக்களை மறித்து நின்றவர்களில் முன்னாள் அமைச்சர் சி. சுந்தரலிங்கமும் ஒருவர். தனி ஈழக் கோரிக்கையை முதலில் முன்வைத்தவர்களில் ஒருவரும் அவரே. ஒரே மனிதர் தமிழருக்கு விடுதலை கேட்டார், அதே தமிழரில் ஒரு பகுதியினரைக் கோயில் வாசலில் தடுத்தார். ‘தமிழர்’ என்ற ஒற்றைச் சொல்லால் எத்தனை பேரை மறைக்க முடியும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை.

முகமூடிக்கு யாழ்ப்பாணத்தில் இன்னொரு பொருளும் உண்டு. இந்திய அமைதிப்படை இருந்த காலத்தில் சுற்றிவளைப்புகளின்போது மக்களை வரிசையாக நடக்க வைப்பார்கள். முகத்தை மூடிய ஒருவர் எதிரே உட்கார்ந்திருப்பார். அவர் தலையாட்டினால் வரிசையில் வந்தவரைப் பிடித்துச் செல்வார்கள். அவரை மக்கள் ‘தலையாட்டி’ என்று அழைத்தார்கள். பேசுகிறவரின் முகமூடியும் தலையாட்டியின் முகமூடியும் ஒன்றல்லதான். ஆனால் இரண்டுக்கும் எதிரே நிற்கிற எளிய மனிதர் திருப்பிக் கேள்வி கேட்க முடியாது என்பது பொதுவானது.

அப்படியானால் முகமூடியே தவறா? இல்லை. மெக்சிகோவின் சியாபாஸில் 1994 ஜனவரி 1 அன்று எழுந்த சபதிஸ்தா இயக்கத்தின் பேச்சாளர் மார்கோஸும் முகத்தை மூடியவர்தான். அவர் பூர்வகுடி அல்லர், படித்த நகரத்து மனிதர். ஆனால் 2001 மார்ச்சில் மெக்சிகோ நாடாளுமன்றத்தில் பேசும் வாய்ப்பு வந்தபோது மார்கோஸ் மேடையேறவில்லை. எஸ்தர் என்ற பூர்வகுடிப் பெண் தளபதி, முகமூடியோடு நின்று, தம் பெண்களின் வாழ்வைத் தாமே பேசினார். 2014இல் மார்கோஸ் என்ற அந்தப் பாத்திரமே இனி இல்லை என்று அவர் அறிவித்தார். பேச்சாளர் விலகி, பேச வேண்டியவர்களுக்கு இடம்விட்ட அரிய நிகழ்வு அது.

நம் மரபில் இதற்கு நேர் எதிரான ஒரு வழியும் இருக்கிறது. 1893இல் இதே சென்னையில் இரட்டைமலை சீனிவாசன் ‘பறையன்’ என்று பெயர் வைத்து இதழ் தொடங்கினார். இழிவாகச் சொல்லப்பட்ட பெயரை மறைக்காமல் முகப்பிலேயே அச்சிட்டார். 1920 ஜனவரி 31 அன்று அம்பேத்கர் ‘மூக்நாயக்’ தொடங்கினார். குரலற்றோரின் தலைவன் என்பது அதன் பொருள். 1930இல் இருவரும் லண்டன் வட்டமேசை மாநாட்டுக்குச் சென்றார்கள். சொந்தப் பெயரோடும் சொந்த முகத்தோடும் பேசினார்கள். எதிர்த்தவர்கள் அவர்களை எதிர்த்து எழுத முடிந்தது, ஆதரித்தவர்கள் கணக்குக் கேட்க முடிந்தது. அவர்கள் பேச்சின் வலிமை அதில்தான் இருந்தது.

அடக்குமுறைக்குள் இருப்பவர் முகத்தை மூடித்தான் பேச முடியும் என்ற நிலை வரலாம். சாதிய வன்முறைக்குச் சாட்சி சொல்லும் பெண்ணின் முகத்தை மறைக்கச் சொல்லி நாமே போராடுகிறோம். அந்த மறைப்பு பலவீனமானவரைக் காக்கிறது. அதிகாரம் உள்ளவர் முகத்தை மூடும்போது அது அவரைக் கணக்குச் சொல்வதிலிருந்து காக்கிறது. இரண்டையும் ஒன்றாக்கிப் பார்க்கக் கூடாது.

எனவே நம் அமைப்புகளுக்குள்ளும் சில கேள்விகளை வழக்கமாக்குவோம். நமக்காகப் பேசுபவரை யார் தேர்ந்தெடுத்தார்கள்? அவர் ஒப்புக்கொண்டதை அமைப்பு மதிக்கிறதா? சேரிப் பெண்களும் தூய்மைப் பணியாளர்களும் மேடையில் பேசுகிறார்களா, பேசப்படுகிறார்களா? தவறு நடந்தால் ‘நடந்துவிட்டது’ என்று சொல்கிறோமா, ‘நாங்கள் செய்தோம்’ என்று சொல்கிறோமா? கூட்டறிக்கை எழுத உட்காரும் ஒவ்வொரு முறையும் இவற்றுக்குப் பதில் சொல்லிவிட்டு எழுதுவோம்.