வேளாண் கடன் தள்ளுபடித் தகுதி (தமிழ்நாடு)

வேளாண் கடன் தள்ளுபடித் தகுதி என்பது, அரசு வேளாண் கடன்களைத் தள்ளுபடி செய்யும்போது எந்த விவசாயியின் எந்தக் கடன் அதில் அடங்கும் என்பதை முடிவு செய்யும் வரையறை ஆகும். தமிழ்நாட்டு விவசாயிகளுக்கு 2006 முதல் 2021 வரை நான்கு பெரிய தள்ளுபடித் திட்டங்கள் அறிவிக்கப்பட்டன. கடன் வழங்கிய நிறுவனம், கடனின் வகை, நிலுவை கணக்கிடப்படும் நாள், நிலத்தின் பரப்பு ஆகியவையே இவற்றில் தகுதியைத் தீர்மானித்தன. நிலப்பரப்பு வரம்பு கோயம்புத்தூர், திருப்பூர், ஈரோடு முதலிய கொங்கு நாட்டு மாவட்டங்களில் தனிச் சிக்கலை உண்டாக்குகிறது.

2006 கூட்டுறவுக் கடன் தள்ளுபடி

2006 மே மாதம் முதலமைச்சராகப் பொறுப்பேற்ற மு. கருணாநிதி, கூட்டுறவு நிறுவனங்களில் நிலுவையில் இருந்த வேளாண் கடன்களைத் தள்ளுபடி செய்யும் ஆணையில் கையெழுத்திட்டார். இதன் மதிப்பு 6,866 கோடி ரூபாய். வணிக வங்கிகளில் பெற்ற கடன்கள் இதில் அடங்கவில்லை.

2008 நடுவண் அரசுத் திட்டம்

2008 பெப்ரவரி 29 அன்று நிதியமைச்சர் ப. சிதம்பரம் தமது வரவு செலவுத் திட்ட உரையில் நாடு தழுவிய திட்டத்தை அறிவித்தார். வணிக வங்கி, வட்டார ஊரக வங்கி, கூட்டுறவு நிறுவனம் ஆகிய மூன்றிலும் பெற்ற கடன்களுக்கு இது பொருந்தியது. தகுதி பெறும் கடன்,

* 2007 மார்ச் 31க்குள் வழங்கப்பட்டிருக்க வேண்டும்;
* 2007 திசம்பர் 31 அன்று தவணை கடந்திருக்க வேண்டும்;
* 2008 பெப்ரவரி 29 வரை செலுத்தப்படாமல் இருக்க வேண்டும்.

ஒரு எக்டேர் (சுமார் 2.5 ஏக்கர்) வரை பயிரிடுவோர் குறு விவசாயிகள், இரண்டு எக்டேர் (சுமார் 5 ஏக்கர்) வரை பயிரிடுவோர் சிறு விவசாயிகள் என வகுக்கப்பட்டனர். இவ்விரு பிரிவினருக்கும் தகுதியான தொகை முழுவதும் தள்ளுபடியானது. ஏனையோர் 75 விழுக்காட்டைச் செலுத்தினால் எஞ்சிய 25 விழுக்காடு தள்ளுபடி செய்யப்பட்டது. குறிப்பிட்ட 237 மாவட்டங்களில் இச்சலுகை 25 விழுக்காடு அல்லது 20,000 ரூபாய், இவற்றுள் எது அதிகமோ அதுவாக இருந்தது.

கிணறு, மின்மோட்டார் போன்றவற்றுக்கான முதலீட்டுக் கடனில் தவணை கடந்த பகுதியும் அதற்கான வட்டியும் மட்டுமே கணக்கில் கொள்ளப்பட்டன. கறவை மாடு, கோழிப்பண்ணை முதலிய சார்புத் தொழில்களுக்கு 50,000 ரூபாய்க்கு மேல் முதலீட்டுக் கடன் பெற்றவர், நிலப்பரப்பு எதுவாயினும் ஏனையோர் பிரிவில் வைக்கப்பட்டார். கோழிப்பண்ணைகள் மிகுந்த நாமக்கல், பல்லடம் வட்டாரங்களுக்கு இவ்விதி முக்கியமானது.

2016 திட்டமும் வழக்கும்

2016 மே 23 அன்று முதலமைச்சராகப் பதவியேற்ற ஜெ. ஜெயலலிதா, சிறு, குறு விவசாயிகள் கூட்டுறவு நிறுவனங்களில் பெற்ற பயிர்க்கடன், நடுத்தர காலக் கடன், நீண்ட காலக் கடன் ஆகியவற்றைத் தள்ளுபடி செய்தார். 2016 மார்ச் 31 அன்றைய நிலுவையே அடிப்படை. சுமார் 16.94 லட்சம் விவசாயிகளின் 5,780 கோடி ரூபாய்க் கடன் இதில் அடங்கியது.

5 ஏக்கருக்கு மேல் உள்ளோரை விலக்கியதை எதிர்த்துத் தேசிய தென்னிந்திய நதிகள் இணைப்பு விவசாயிகள் சங்கம் வழக்குத் தொடுத்தது. சலுகையை அனைவருக்கும் நீட்டிக்குமாறு 2017 ஏப்ரல் 4 அன்று சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவிட்டது. நிலப்பரப்பின்படி வகைப்படுத்துவது அரசியலமைப்பின் 14ஆம் பிரிவுக்கு முரணானது அன்று எனக் கூறி, 2021 நவம்பர் 23 அன்று உச்ச நீதிமன்றம் அவ்வுத்தரவை நீக்கியது.

2021 பயிர்க்கடன் தள்ளுபடி

வழக்கு நிலுவையில் இருந்தபோதே, 2021 பெப்ரவரி 5 அன்று முதலமைச்சர் எடப்பாடி க. பழனிசாமி கூட்டுறவுப் பயிர்க்கடன்களின் தள்ளுபடியைச் சட்டமன்றத்தில் அறிவித்தார். 2021 சனவரி 31 அன்று நிலுவையில் இருந்த, 16.43 லட்சம் விவசாயிகளின் 12,110 கோடி ரூபாய்க் கடன் இதில் அடங்கியது. நிலப்பரப்பு வரம்பு விதிக்கப்படவில்லை.

கொங்கு நாட்டில் நிலப்பரப்பு வரம்பு

கீழ்பவானி, பரம்பிக்குளம்-ஆழியாறு, காலிங்கராயன் வாய்க்கால் ஆகிய பாசனப் பகுதிகளுக்கு வெளியே கொங்கு நாட்டு வேளாண்மை பெரும்பாலும் கிணற்றையும் மழையையும் நம்பியது. கிணற்றுப் பாசன நிலம் தோட்டம் எனவும், மானாவாரி நிலம் காடு எனவும் வழங்கப்படுகிறது. ஏழு ஏக்கர் காட்டில் சோளம் விதைப்பவரின் வருமானம், வாய்க்கால் பாசனத்தில் மூன்று ஏக்கர் மஞ்சள் பயிரிடுபவரின் வருமானத்தைவிடக் குறைவாக இருக்கக்கூடும். ஆயினும் 5 ஏக்கர் வரம்பின்படி முன்னவர் சிறு விவசாயி அல்லர். பின்னவர் சிறு விவசாயி ஆவார். கிணறு வற்றித் தோட்டம் காடாக மாறினாலும் பரப்பு மாறுவதில்லை என்பதால் வகைப்பாடும் மாறுவதில்லை.

திறனாய்வு

2008 திட்டம் பற்றிய தலைமைக் கணக்குத் தணிக்கையரின் அறிக்கை 2013 மார்ச் மாதம் நாடாளுமன்றத்தில் வைக்கப்பட்டது. ஆய்வு செய்த 90,576 கணக்குகளில் 22.32 விழுக்காட்டில் குறைபாடுகள் இருந்தன. பட்டியலில் இடம்பெறாத 9,334 கணக்குகளைச் சோதித்ததில் 1,257 கணக்குகள் தகுதி உடையவையாக இருந்தும் விடுபட்டிருந்தன.

குறித்த நாளுக்கு முன் கடனை அடைத்தவருக்குத் தள்ளுபடி கிடைப்பதில்லை என்பதும், தனியாரிடம் வட்டிக்குக் கடன் வாங்கியவர் எந்தத் திட்டத்திலும் அடங்குவதில்லை என்பதும் இத்திட்டங்கள் அனைத்துக்கும் பொதுவான குறைகளாகும்.

இவற்றையும் பார்க்க

* சி. நாராயணசாமி நாயுடு
* தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கம்
* கீழ்பவானித் திட்டம்